ஆற்றுப்படை சொன்ன மீனும் தேறலும்: கொரியச் சந்தை முதல் நம் எல்லை வரை

இது கொஞ்சம் நீண்ட பதிவு. நேரம் இருக்கும்போது நிதானமாகப் படியுங்கள்.

நம் பிள்ளைகளின் கைப்பேசியில் இப்போது கொரியாதான் ஓடுகிறது. முதலில் பாட்டு, பிறகு நாடகம், இப்போது சாப்பாடு. உள்ளூர் வழிகாட்டி ஒருவரைக் கூட்டிக்கொண்டு மீன் சந்தை, தெருக்கடை, மதுக்கடை என்று சுற்றிக் காட்டும் காணொளிகள் தமிழிலேயே வந்துவிட்டன. ஸ்ரீபெரும்புதூர்ப் பக்கம் கம்பெனி பஸ்ஸில் வேலைக்குப் போகும் பிள்ளைகளுக்குக் கொரியா அப்படியொன்றும் தூரதேசமும் இல்லை. இருங்காட்டுக்கோட்டை ஹூண்டாய் ஆலையிலிருந்து 1998-ல் கார் வெளிவரத் தொடங்கிய நாள் முதலே கொரியர்கள் நமக்கு அண்டை வீட்டுக்காரர்கள்தான்.

பழைய மாணவர் ஒருவர் இந்தக் காணொளிகளைப் பார்த்துவிட்டுக் கேட்டார்: "சார், நமக்கு இந்த மாதிரி எதுவுமே கிடையாதா?"

இருந்தது. சுட்ட மீனும் அரிசியில் காய்ச்சிய மதுவும் இருந்தன. அவற்றைக் காட்டிக்கொடுக்க வழிகாட்டியும் இருந்தார். அதுவும் நம் தொண்டை நாட்டிலேயே. அது எங்கே போயிற்று, கொரியர்களுடையது எப்படித் தப்பித்தது என்பதுதான் இந்தப் பதிவு.

*அங்கே எதைக் காட்டுகிறார்கள்?*

பூசான் நகரத்தில் சகால்சி என்றொரு மீன் சந்தை இருக்கிறது. கொரியப் போர் 1950-ல் மூண்டபோது வடக்கிலிருந்து தப்பி வந்தவர்கள் லட்சக்கணக்கில் பூசானில் குவிந்தார்கள். அந்த நகரமே அப்போது நாட்டின் தற்காலிகத் தலைநகரம். கையில் ஒன்றும் இல்லாமல் வந்த பெண்கள் துறைமுக ஓரத்தில் கூடையை வைத்து மீன் விற்று வயிறு வளர்த்தார்கள். இன்றும் அந்தச் சந்தையின் முகம் 'சகால்சி அஜும்மா' என்று அழைக்கப்படும் அந்த நடுவயதுப் பெண்கள்தான். நம் மொழியில் சொன்னால் 'மீன்கார அம்மா'.

தலைநகர் சியோலில் நொர்யாங்ஜின் சந்தை. 1927-ல் சியோல் ரயில் நிலையத்துக்குப் பக்கத்தில் தொடங்கி, 1971-ல் இப்போதைய இடத்துக்கு வந்தது. கீழே தொட்டியில் உயிரோடு நீந்தும் மீனை நாம் காட்டவேண்டும். அங்கேயே அறுத்துத் தருவார்கள். அதை எடுத்துக்கொண்டு மேல்மாடி உணவுக்கடைக்குப் போனால், தனிக்கட்டணம் வாங்கிக்கொண்டு சமைத்துப் பரிமாறுவார்கள். எலும்பையும் தலையையும்கூட விடாமல் காரமான குழம்பாக்கிக் கடைசியில் கொண்டுவந்து வைப்பார்கள்.

மூன்றாவது இடம் சியோலின் குவாங்ஜாங் சந்தை. 1905-ல் தொடங்கிய துணிச் சந்தை. நம் ஆர்.கே.பேட்டைபோல நெசவை நம்பிய ஊர்க்காரர்களுக்கு இது பிடிக்கும். துணி வாங்க வந்தவர்களின் பசிக்காக முளைத்த தின்பண்டக் கடைகள்தான் இன்று உலகப் புகழ் பெற்றிருக்கின்றன. பச்சைப்பயற்றை ஊறவைத்து அரைத்து, தவாவில் எண்ணெய் நிறைய விட்டுச் சுடும் அடை அங்கே பிரபலம். பெயர் பிந்தேத்தொக். கிட்டத்தட்ட நம் பெசரட்டின் தடித்த தம்பி. அதோடு அலுமினியக் கிண்ணத்தில் வெள்ளையாக ஒரு பானம் வரும். அதுதான் மக்கொல்லி.

மக்கொல்லி அரிசி மது. சோற்றை ஆறவைத்து, 'நுருக்' என்ற கோதுமை அடையை உதிர்த்துப் போட்டு, தண்ணீர் விட்டுப் பானையில் சில நாள் வைப்பார்கள். நுரைத்துப் பொங்கி அடங்கியதும் கலங்கலாக வடிகட்டுவார்கள். அவ்வளவுதான். உழவர்கள் நடவின்போது வயல் வரப்பில் உட்கார்ந்து குடித்த பானம் இது. மது 6 முதல் 8 விழுக்காடுதான்.

குடிக்கும் முறைக்கும் அங்கே ஒழுங்கு உண்டு. தன் கிண்ணத்தில் தானே ஊற்றிக்கொள்ளக் கூடாது, பக்கத்தில் இருப்பவர் ஊற்றவேண்டும். பெரியவர் ஊற்றினால் இரண்டு கையாலும் ஏந்தவேண்டும், முகத்தை ஒரு பக்கம் திருப்பிக்கொண்டு குடிக்கவேண்டும். துணைக்கு உணவு இல்லாமல் மது வராது. அந்தத் துணை உணவுக்கு 'அஞ்சு' என்று தனிப்பெயரே இருக்கிறது.

*நம் வழிகாட்டி*

இப்போது நம் பக்கம் வாருங்கள். பத்துப்பாட்டில் ஐந்து பாட்டு ஆற்றுப்படை. பள்ளித் தேர்வில் 'ஆற்றுப்படுத்துதல் என்றால் வழிப்படுத்துதல்' என்று ஒரு மதிப்பெண்ணோடு முடிந்துவிடும் சொல் இது. உண்மையில் அது முழுக்க முழுக்க வழிகாட்டி இலக்கியம். பரிசு பெற்றுத் திரும்பும் பாணன், வறுமையில் எதிரே வரும் இன்னொரு பாணனை நிறுத்தி, இந்த வழியாகப் போ, இன்ன நிலத்தில் இன்ன மக்கள் இருப்பார்கள், அவர்கள் இன்ன உணவு தருவார்கள் என்று ஒன்றொன்றாகச் சொல்கிறான். சாப்பாட்டைக் காட்டி ஊர் சுற்றிவைப்பது நமக்குப் புதிதே அல்ல.

கடியலூர் உருத்திரங்கண்ணனார் பாடிய பெரும்பாணாற்றுப்படை, காஞ்சியில் இருந்த தொண்டைமான் இளந்திரையனிடம் வழிப்படுத்துகிறது. அதாவது நம் தொண்டை நாட்டுச் சாலைதான். வேட்டுவர் குடிசையில் சிவந்த சோறும் உடும்பு வறுவலும். ஆயர் குடியில் தினைச்சோறும் பாலும். உழவர் வீட்டில் வெண்ணெல் சோறும் வீட்டுக்கோழி வாட்டியதும். வழியில் ஆலையில் கருப்பஞ்சாறு. இப்படியே போய் வலைஞர் குடியிருப்புக்கு வருகிறான் பாணன். வலைஞர் என்றால் வலை வீசுவோர்.

அந்த இடத்தைக் கவனமாகப் படிக்கவேண்டும். குற்றாத அரிசியைக் கூழாகத் துழாவி ஆக்குகிறார்கள். அகன்ற வாயுள்ள தட்டில் ஆறவைக்கிறார்கள். கறையான் புற்றுக்குள் இருக்கும் அடுக்கைப் போன்ற தோற்றமுள்ள ஓர் அடையை அதில் கலக்கிறார்கள். முளைகட்டிய நெல்லை இடித்துச் சேர்ப்பது என்று உரை சொல்வார்கள். சாடியில் ஊற்றி இரண்டு பகலும் இரண்டு இரவும் வைக்கிறார்கள். விளைந்ததும் விரலால் அலைத்துப் பிழிகிறார்கள். அதைச் சுட்ட மீனோடு தருகிறார்கள்.

சோற்றை ஆறவைத்தல், அடை சேர்த்தல், சாடியில் புளிக்கவைத்தல், கலங்கலாகப் பிழிதல், மீனோடு பரிமாறுதல். கொரியப் பாட்டி ஒருத்தியிடம் இந்தப் பகுதியை மொழிபெயர்த்துப் படித்துக் காட்டினால், 'இது எங்கள் வீட்டு மக்கொல்லி அல்லவா' என்பாள்.

இதை வைத்துக்கொண்டு, நாம்தான் கொரியாவுக்குக் கற்றுக்கொடுத்தோம் என்று யாரும் கிளம்பிவிட வேண்டாம். நுருக்கில் பூஞ்சை வளர்ந்து மாவுச்சத்தை உடைக்கிறது. நெல்முளையில் முளையே அந்த வேலையைச் செய்கிறது. இரண்டும் வேறு வழி. அரிசி விளைகிற இடத்திலெல்லாம் மனிதன் அதைப் புளிக்கவைத்திருக்கிறான். இன்றும் ஜார்கண்ட் பழங்குடி மக்கள் 'ரானு' என்ற மூலிகை உருண்டை சேர்த்து 'ஹண்டியா' என்ற அரிசி மது செய்கிறார்கள். தமிழ்நாட்டில்தான் அந்தச் சாடி காணாமல் போயிற்று. அரிசி மது நம் நினைவிலேயே இல்லை.

இன்னோர் ஆற்றுப்படை. நல்லூர் நத்தத்தனார் பாடிய சிறுபாணாற்றுப்படை, ஓய்மா நாட்டு நல்லியக்கோடனிடம் வழிப்படுத்துவது. அதில் எயிற்பட்டினம் என்ற கடற்கரை ஊர் வருகிறது. ஆய்வாளர்கள் பலர் இதை இன்றைய மரக்காணம் என்று கொள்கிறார்கள். அலை கரையில் ஒதுக்கிய மணமுள்ள மரத்துண்டுகள், படுத்துறங்கும் ஒட்டகங்கள் போலக் கிடக்கின்றனவாம். அவற்றை விறகாக்கித் தீ மூட்டுகிறார்கள். நுளையர் வீட்டுப் பெண் வடித்த பழைய தேறலையும் உலர்ந்த குழல்மீன் சுட்டதையும் பரதவர் பாணனுக்குத் தருகிறார்கள். எயிற்பட்டினம் என்ற பெயரை மனத்தில் வைத்துக்கொள்ளுங்கள். பின்னால் தேவைப்படும்.

*கொரியாவில் சட்டம் செய்த வேலை*

கொரியர்களின் மது தானாகத் தப்பிக்கவில்லை. ஏறக்குறைய செத்துப் பிழைத்தது.

ஜப்பானின் பிடிக்குள் கொரியா போய்க்கொண்டிருந்த 1909-ல் மது வரிச் சட்டம் வந்தது. அதுவரை வீட்டுக்கு வீடு அவரவர் கைப்பக்குவத்தில் செய்துகொண்டிருந்தார்கள். திருமணம், முன்னோர் வழிபாடு எல்லாவற்றுக்கும் வீட்டு மதுதான். 1916-ல் சட்டம் இறுகியது. வீட்டுக்குச் செய்யவும் உரிமம், அதற்கும் வரி. உரிமங்கள் ஆண்டுக்கு ஆண்டு குறைந்து, 1934-ல் வீட்டு உரிமம் என்பதே ஒழிக்கப்பட்டது. அதே 1930-களில் காலனி அரசின் வரி வருவாயில் மது வரி முதலிடத்துக்கு வந்தது. இரண்டு செய்தியையும் சேர்த்துப் படித்தால் காரணம் தெரிந்துவிடும்.

விடுதலைக்குப் பிறகும் விடிவில்லை. போரில் சீரழிந்த நாட்டில் சோற்றுக்கே அரிசி இல்லை. 1965-ல் மது செய்ய அரிசியைப் பயன்படுத்தக் கூடாது என்று அரசு தடை போட்டது. மக்கொல்லியைக் கோதுமை மாவில் செய்தார்கள், ருசி கெட்டது. சோஜு என்ற வடித்த சாராயத்தின் கதை இன்னும் மோசம். 13-ஆம் நூற்றாண்டில் மங்கோலியரோடு வந்த காய்ச்சி வடிக்கும் கலை அது. கேசொங் பகுதியில் அதற்கு 'அரக்-ஜு' என்றே பெயர். அரபியில் அரக் என்றால் வியர்வை. பானை மூடியில் வியர்க்கும் நீர் அல்லவா? தானியத்தில் வடித்த அந்தப் பழைய சோஜு போய், கிழங்கிலிருந்து ஆலையில் எடுத்த எரிசாராயத்தில் தண்ணீரும் இனிப்பும் கலந்த பச்சைப் பாட்டில் வந்தது. இன்று உலகிலேயே அதிகம் விற்கும் வடித்த மது அந்தப் பச்சைப் பாட்டில்தான்.

பிறகு அரிசி மிஞ்சத் தொடங்கியது, தடை தளர்ந்தது. 1995-ல் வீட்டுத் தேவைக்கு மது செய்துகொள்ளச் சட்டம் இடம் கொடுத்தது. ஒளித்து வைத்திருந்த பாட்டிகளின் பக்குவத்தைப் பேரப்பிள்ளைகள் தேடிப் போனார்கள். 2021 ஜூனில் மக்கொல்லி செய்யும் பண்பாட்டைத் தேசிய மரபுச் செல்வமாகத் தென்கொரியா அறிவித்தது. பொதுமக்களே முன்மொழிந்து அந்தத் தகுதி கிடைத்தது இதற்குத்தான் முதல்முறை. இன்று வழிகாட்டி வெளிநாட்டுக்காரரைக் கூட்டிக்கொண்டு போய்க் காட்டுவது, இரண்டு தலைமுறை சட்டவிரோதமாக இருந்த ஒரு பானையை.

*நம் பக்கத்தில் நடந்தது*

நம் நாட்டில் அரிசிச் சாடி மறைந்தபின் எஞ்சியது பனையும் தென்னையும் தந்த கள். பாளையைச் சீவி, கலயம் கட்டினால் இரவெல்லாம் சொட்டும். கலயத்தின் உட்புறம் சுண்ணாம்பு தடவினால் பதநீர், தடவாவிட்டால் கள். ஒரே மரம், ஒரே பாளை, இடையில் ஒரு சுண்ணாம்புப் பூச்சு. கள்ளுக்கு ஆயுள் ஒரு நாள்தான். மறுநாள் புளித்துக் காடியாகிவிடும். சேர்த்து வைக்க முடியாது, தூரம் கொண்டுபோக முடியாது. இறக்கியவனே விற்கவேண்டும், பக்கத்தில் இருப்பவனே குடிக்கவேண்டும்.

ஆங்கிலேயருக்கு இது தலைவலி. எண்ண முடியாத பொருளுக்கு எப்படி வரி போடுவது? மரத்தை எண்ணினார்கள். 1886-ஆம் ஆண்டின் சென்னை ஆப்காரிச் சட்டப்படி, கள் இறக்கும் மரத்துக்கு மரம் வரி, கடைக்கு ஏலம். ஊர் ஊராகச் சிறு அடுப்பில் வடித்த சாராயத்தை ஒடுக்கி, பெரிய ஆலைச் சரக்கைக் கொண்டுவந்தார்கள். காலப்போக்கில் சென்னை மாகாணத்தில் நிலவரிக்கு அடுத்த பெரிய வருவாய் ஆப்காரி என்று ஆனது. கொரியாவில் ஜப்பான் செய்ததைத்தான் இங்கே வெள்ளைக்காரன் முன்பே செய்தான்.

அதனால்தான் காங்கிரஸ் இயக்கத்தில் கள்ளுக்கடை மறியல் அரசியல் போராட்டமாயிற்று. பெரியார் தம் தோப்புத் தென்னை மரங்களை வெட்டிச் சாய்த்ததும், ஈரோட்டில் நாகம்மையாரும் கண்ணம்மாளும் மறியலுக்கு முன்னின்றதும் 1921-ல். ராஜாஜி முதல்வரானதும் 1937 அக்டோபர் 1-ல் சேலம் மாவட்டத்தில் மதுவிலக்கைத் தொடங்கினார். அடுத்த ஆண்டு, 1938 அக்டோபர் 1 அன்று, சித்தூர், கடப்பை மாவட்டங்களுக்கு அது வந்தது.

இந்த இடத்தில் நம் ஊர்க்காரர்கள் நிமிர்ந்து உட்காரவேண்டும். அன்று நாம் சித்தூர் மாவட்டம். வட ஆர்க்காட்டிலிருந்து பகுதிகளைப் பிரித்து 1911-ல் சித்தூர் மாவட்டம் அமைத்தபோது திருத்தணி வட்டாரம் அதில் சேர்ந்தது. ஆகவே தமிழ்நாட்டின் பெரும்பகுதிக்கு முன்பே, சேலத்துக்கு அடுத்த வரிசையிலேயே, நம் பகுதியில் கலயம் இறங்கிவிட்டது. பக்கத்து வட ஆர்க்காட்டுக்கே ஓராண்டு கழித்து, 1939-ல்தான் மதுவிலக்கு வந்தது. இழந்த வருவாயை ஈடுகட்ட 1939-ல் ராஜாஜி கொண்டுவந்ததுதான் விற்பனை வரி. இன்று கடையில் நாம் கட்டும் வரியின் மூத்த பாட்டி அது. போர்க்காலத்தில் மதுவிலக்கு நின்று, விடுதலைக்குப் பின் 1948 அக்டோபர் 2-ல் மாகாணம் முழுவதற்கும் வந்தது.

1953-ல் ஆந்திர மாநிலம் பிறந்தபோது நாம் ஆந்திரத்துக்குப் போனோம். அங்கே கள் இறக்குவோர் தொழிலைக் கேட்டுப் பெரிய கிளர்ச்சி நடத்தினார்கள். கௌது லச்சன்னா அதன் தலைவர். முதல்வர் பிரகாசம் மதுவிலக்கைத் தளர்த்த மறுத்தார். 1954 நவம்பரில் அந்தப் பிரச்சினையிலேயே, ஒரே ஒரு வாக்கில், அவர் அரசு கவிழ்ந்தது. கள்ளுக் கலயம் ஓர் அரசையே கவிழ்த்தபோது திருத்தணியும் அந்த மாநிலத்தில்தான் இருந்தது.

மங்கலங்கிழார், ம.பொ.சி. முதலானோர் நடத்திய வடக்கெல்லைப் போராட்டத்தின் பயனாக 1960 ஏப்ரல் 1 அன்று திருத்தணி தமிழகத்தோடு இணைந்தது. ம.பொ.சி. கள் தொழிலோடு தொடர்புடைய கிராமணி சமூகத்தில் பிறந்தவர். ஆனாலும் மதுவிலக்கை ஆதரித்தவர். தன் சமூகத்தின் தொழிலுக்கு எதிராகவே ஒருவர் நின்றார் என்றால், அந்தக் காலத்தில் குடி ஏழை வீடுகளில் செய்த நாசம் எவ்வளவு என்பதை நாம் நினைத்துப் பார்க்கவேண்டும். அந்த நாசத்தை மறைத்துவிட்டு இந்த வரலாற்றை எழுத முடியாது.

*திறப்பும் மூடலும்*

அப்புறம் நடந்தது உங்களில் பலருக்கு நேரில் தெரிந்த கதை. 1971-ல் மதுவிலக்கு ஒத்திவைக்கப்பட்டது. 1973, 74-ல் கள்ளுக்கடையும் சாராயக்கடையும் மூடப்பட்டன. 1981-ல் மறுபடி திறந்தன. 1983-ல் டாஸ்மாக் பிறந்தது. 1987 ஜனவரி 1 முதல் கள்ளுக்கும் சாராயத்துக்கும் தடை. 2003-ல் சில்லறை விற்பனையும் டாஸ்மாக் கைக்கே வந்தது. இன்று அதன் வழியாக அரசுக்கு வரும் வரி வருவாய் ஆண்டுக்கு 45,000 கோடி ரூபாய்க்கு மேல்.

விளைவைப் பாருங்கள். சுமார் 5 விழுக்காடு மது உள்ள கள், குற்றம். 42.8 விழுக்காடு உள்ள பாட்டில், அரசுக் கடையில் வரிசையில் நின்று வாங்கலாம். கரும்பாலைக் கழிவுப் பாகிலிருந்து எடுத்த எரிசாராயத்தில் தண்ணீரும் நிறமும் மணமும் சேர்த்தால் அதற்குப் பெயர் 'அயல்நாட்டு மது'. கொரியாவின் பச்சைப் பாட்டிலுக்கு அக்கா இது. பனையை மாநில மரம் என்று 1978-லேயே அறிவித்தோம். அந்த மரத்தில் ஏறியவனைக் காவல் நிலையத்துக்கு அழைத்துப் போனோம்.

ஏன் இப்படி? என் கணிப்பு இது. அரசுக்கு எண்ணக்கூடிய பொருள்தான் பிடிக்கும். பாட்டிலை எண்ணலாம், அடுக்கலாம், லாரியில் ஏற்றலாம், முத்திரை ஒட்டலாம். ஒரு நாளில் கெட்டுப்போகும் கலயத்தை எண்ண முடியாது. பாட்டிக் கிழவியின் சாடியையும் எண்ண முடியாது. அதிகாரம் வெள்ளைக்காரனுடையதோ, ஜப்பான்காரனுடையதோ, நம்முடையதோ, எண்ண முடியாதது முதலில் சாகிறது.

நம் ஊரிலிருந்து வடக்கே கொஞ்ச தூரம் போனால் ஆந்திரம். அங்கே கள் இறக்குவோர் கூட்டுறவுச் சங்கம் வைத்து, உரிமம் பெற்று, பகலில் தொழில் செய்கிறார்கள். எல்லைக்கல்லுக்கு அந்தப் பக்கம் தொழிலாளி, இந்தப் பக்கம் குற்றவாளி. பனை ஒன்றுதான். பாளை ஒன்றுதான். மண்ணும் வெயிலும் ஒன்றுதான்.

*எயிற்பட்டினம், 2023*

மனத்தில் வைத்துக்கொள்ளச் சொன்ன ஊருக்கு இப்போது வருவோம். 2023 மே மாதம் மரக்காணத்தை அடுத்த எக்கியார்குப்பம் என்ற மீனவர் குடியிருப்பில் விஷச் சாராயம் குடித்து அடுத்தடுத்துச் சாவு. அதே நாட்களில் செங்கல்பட்டு மாவட்டத்திலும் சாவு. இரண்டு மாவட்டத்திலுமாக 20-க்கும் மேற்பட்டோர் போனார்கள். ஆலைகளுக்குப் போகவேண்டிய மெத்தனால் சாராயம் என்ற பெயரில் கைமாறி வந்திருந்தது. மறு ஆண்டு ஜூனில் கள்ளக்குறிச்சி கருணாபுரம். அங்கே 60-க்கும் மேல்.

பாணனுக்குத் தேறலும் சுட்ட குழல்மீனும் தந்த கடற்கரை அது. அங்கே வடித்தவள் யார் என்று பாட்டிலேயே தெரிகிறது. நுளைமகள். அவள் கையால் வடித்ததை அவள் வீட்டார் விருந்தினனுக்குத் தந்தார்கள். தந்தவர்களும் அதையேதான் குடித்தார்கள். 2023-ல் அதே கரையில் பாக்கெட்டில் வந்ததை வடித்தவன் யார், எதைக் கலந்தான் என்று குடித்தவனுக்குத் தெரியாது. விற்றவனுக்கே தெரிந்திருக்குமா என்பதும் சந்தேகம். முகம் தெரிந்த கையிலிருந்து முகம் தெரியாத கைக்கு மது போனதன் விலை அந்த உயிர்கள்.

*மறுபக்கம்*

கள்ளைத் திறந்துவிட்டால் எல்லாம் சரியாகிவிடும் என்று நான் சொல்ல வரவில்லை. சட்டம் இடம் கொடுத்த ஆந்திர, தெலங்கானப் பகுதிகளிலேயே கள்ளில் குளோரல் ஹைட்ரேட் போன்ற மயக்க மருந்தைக் கலந்து விற்பது நெடுநாள் வியாதி. மரம் குறைவு, தேவை அதிகம், ஆகவே தண்ணீரில் மருந்து. அதுவும் முகமற்ற சரக்குதான். கொரியாவிலும் மக்கொல்லிக்கு மரியாதை கிடைத்ததனால் குடி குறைந்துவிடவில்லை. வேலை முடிந்தபின் மேலதிகாரியோடு குடித்தே ஆகவேண்டும் என்ற வழக்கத்தால் எத்தனையோ பேர் அங்கே அவதிப்பட்டார்கள். பெரியவர் ஊற்றினால் மறுக்க முடியாது என்ற மரியாதையே கழுத்தில் கயிறும் ஆகும்.

நம் வடக்கே நெல்லூர் மாவட்டம் தூபகுண்டாவை மறக்கக் கூடாது. 1990-களின் தொடக்கத்தில் அறிவொளி வகுப்பில் எழுத்துக் கற்ற ஏழைப் பெண்கள், ரோசம்மா போன்றவர்கள், சாராயக் கடையை மூடவைத்தார்கள். அந்தத் தீ மாநிலம் முழுதும் பரவி 1993-ல் சாராயம் தடைசெய்யப்பட்டது. கற்ற எழுத்தால் ஓர் அரசை வளைத்தவர்கள். ஆசிரியராக இருந்தவன் என்ற முறையில் நான் அவர்கள் பக்கம். எந்த மது பற்றிய பேச்சிலும் முதல் சொல் வீட்டுப் பெண்களுடையதாக இருக்கவேண்டும்.

ஆனால் அதே நியாயத்தை மரமேறிக்கும் தரவேண்டும் அல்லவா? நாற்பது விழுக்காடு சரக்கை அரசே விற்கும் மாநிலத்தில், மதுவிலக்குக் கொள்கை என்று சொல்லிக் கள்ளை மட்டும் தடுப்பது எந்த நீதி? மூடுவதென்றால் இரண்டையும் மூடட்டும். முடியாதென்றால், இறக்கியவரே, இறக்கிய அன்றே, தன் பெயர் சொல்லி விற்க வழி செய்யட்டும். கலப்படச் சோதனை கடுமையாக இருக்கட்டும். ஊர்ப் பெண்கள் வேண்டாமென்றால் அந்த ஊரில் வேண்டாம். 2017-ல் தென்னையிலிருந்து நீரா இறக்க அரசு அனுமதித்தது போல, படிப்படியாகப் போகலாம்.

*சந்தைக்கும் இதே கதி*

மீனுக்கும் இந்தக் கதை பொருந்தும். நொர்யாங்ஜினில் பழைய சந்தையை மூடிப் புதிய கண்ணாடிக் கட்டடத்துக்கு வியாபாரிகளைப் போகச் சொன்னபோது, கடை குறுகல், வாடகை அதிகம் என்று பலர் மறுத்தார்கள். 2018-ல் பழைய சந்தைக்குத் தண்ணீரும் மின்சாரமும் நிறுத்தப்பட்டன. 2019 வரை இழுபறி. காணொளியில் பளபளவென்று தெரியும் அந்தக் கட்டடத்துக்குப் பின்னால் இந்தக் கண்ணீர் இருக்கிறது.

சென்னையில் நொச்சிக்குப்பம் கடற்கரைச் சாலையோர மீன்கடைகளை 2023 ஏப்ரலில் மாநகராட்சி அகற்றத் தொடங்கியதும், மீனவர் மறித்து உட்கார்ந்ததும் நினைவிருக்கும். 2024-ல் அங்கே புதிய மீன் அங்காடி திறந்தார்கள். சுத்தமான இடம் தேவைதான். யார் வேண்டாம் என்பார்கள்? ஆனால் வாங்குபவரின் முகமறிந்து, நேற்று என்ன வாங்கினார் என்று நினைவு வைத்து, இன்று இது நல்லாயிருக்கும் என்று எடுத்துக் கொடுக்கும் அந்த மீன்கார அம்மாவுக்கு அங்கே இடம் உறுதியா என்பதுதான் கேள்வி. அவளும் ஒரு வழிகாட்டிதான்.

*கடைசியாக*

கொரியாவில் இன்று வழிகாட்டிகளுக்குக் காட்ட ஏதோ இருக்கிறது என்றால், தடை இருந்த காலத்திலும் சில பாட்டிகள் கைப்பக்குவத்தை மறக்காமல் வைத்திருந்தார்கள். சட்டம் திரும்பியபோது கேட்கப் பேரப்பிள்ளைகள் இருந்தார்கள். அவ்வளவுதான் ரகசியம்.

நம்மிடம் பாட்டு இருக்கிறது. இரண்டாயிரம் ஆண்டு பழைய செய்முறை, எத்தனை இரவு வைக்கவேண்டும் என்பது உட்பட, எழுத்தில் இருக்கிறது. கைதான் இல்லை. பனையில் அந்தக் கை இன்னும் முழுதாகச் சாகவில்லை. பாளையை எந்தப் பக்கம் சீவினால் சொட்டும், எந்த மாதம் ஆண்பனை, எந்த மாதம் பெண்பனை, சுண்ணாம்பு எவ்வளவு என்று தெரிந்தவர்கள் நம் சுற்று வட்டாரத்தில் இன்னும் சிலர் இருக்கிறார்கள். பெரும்பாலும் என் வயதுக்காரர்கள், என்னைவிட மூத்தவர்கள். அவர்கள் பிள்ளைகள் தறிக்கும் கம்பெனிக்கும் போய்விட்டார்கள். அதில் தவறில்லை.

என் மாணவர்களுக்கு ஒரு வேண்டுகோள். கொரியக் காணொளி பார்க்கும் அதே கைப்பேசியில் ஒளிப்பதிவும் இருக்கிறது. அடுத்த கோடையில், பதநீர் இறக்கும் ஒரு பெரியவரிடம் போய் உட்காருங்கள். அவர் பேசுவதைப் பதிவு செய்யுங்கள். கருவிகளின் பெயரைக் கேட்டு எழுதிக்கொள்ளுங்கள். கள் வேண்டுமா வேண்டாமா என்பதை அரசும் ஊரும் பெண்களும் பேசித் தீர்க்கட்டும், அதற்கு நாளாகும். அந்தப் பெரியவர்களுக்கு அவ்வளவு நாள் இல்லை.

அன்புடன்,
ஓய்வுபெற்ற ஆசிரியர், ஆர்.கே.பேட்டை.